பெயர் அழிக்காத பிரதி

சிஸ்டம் ரூமில் கிராம்பு வாசம் அடித்தது.

கிராம்பு வாசம் அடித்தால் என்ன, குடியா முழுகிவிட்டது என்று கேட்கலாம். தீபாவளி லீவுக்காக நான்கு நாட்களாகப் பூட்டிக் கிடந்த அறை அது. காலையில் வந்ததும் ஆஷா தன் கையாலேயே பினாயில் ஊற்றித் துடைத்திருந்தாள். அடித்தால் பினாயில் அடிக்க வேண்டும். இல்லையென்றால் கண்ணாடித் தடுப்புக்கு அந்தப்புறம் குடோனில் அடுக்கியிருக்கும் வேஸ்ட் துணியின் எண்ணெய்ப் பிசுக்கு அடிக்க வேண்டும். அந்தப் பனியன் கம்பெனியில் கிராம்பு மென்றவன் ஒரே ஒருவன்தான். சொத்தைப் பல்லைப் பிடுங்கப் பயந்துகொண்டு, காலை முதல் இரவு வரை இடது கன்னத்தில் ஒரு கிராம்பை அடக்கிக்கொண்டு திரிந்தவன். அவன் பெயர் ராபின், அங்கே கம்ப்யூட்டர்களைக் கவனித்தவன். ஆஷாவின் கணவன். போன பொங்கல் லீவில் இதே அறைக்கு வேலைக்கு வந்தவன் இன்றுவரை வீடு திரும்பவில்லை.

அவள் நாற்காலியில் அசையாமல் உட்கார்ந்து இரண்டு முறை மூச்சை இழுத்துப் பார்த்தாள். வாசம் அங்கேயேதான் இருந்தது. மேசையின் இழுப்பறை திறந்திருந்தது. பழைய கிராம்பு ஏதாவது மூலையில் உருண்டு கிடக்கும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு அதை மூடினாள்.

திருப்பூரின் சத்தம் நின்றுபோனால் எப்படி இருக்கும் என்பது திருப்பூர்க்காரர்கள் பலருக்குத் தெரியாது. சத்தம் நிற்கிற நாளில் அவர்கள்தான் ஊரில் இருப்பதில்லையே. போனஸ் வாங்கிய கையோடு மதுரைக்கும் நெல்லைக்கும் பாட்னாவுக்கும் பஸ்ஸும் ரயிலும் பிடித்துப் போய்விடுவார்கள். அருள்புரத்தில் அந்த மூன்று மாடிக் கம்பெனியில் பவர் டேபிள் தையல் மெஷின்களின் இரைச்சல் இல்லை, அயர்ன் பாய்லரின் சீறல் இல்லை, லைன் சூப்பர்வைசரின் கத்தல்கூட இல்லை. இருந்ததெல்லாம் சர்வரின் மின்விசிறி ஓடும் மெல்லிய இரைச்சலும், தெருக்கோடியில் மிச்சமிருந்த பட்டாசுகளை யாரோ ஒவ்வொன்றாகக் கொளுத்தும் சத்தமும்தான்.

ஆஷாவும் ஊருக்குப் போயிருக்கலாம். நாசரேத்தில் அம்மா இருக்கிறாள், ராபினின் அக்கா இருக்கிறாள். போனால் எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் கேட்பார்கள். அவன் மாயமானபோது போலீஸ் வந்து தண்ணீர்த் தொட்டியை இறைத்துப் பார்த்தது. குடோனில் அமுக்கிக் கட்டி வைத்திருந்த துணிப் பேல்களை ஒன்றுவிடாமல் அறுத்துப் பார்த்தது. கேமராவில் அவன் உள்ளே வருவது இருந்தது, வெளியே போவது இல்லை. கடைசியில், பின்பக்கச் சுவர் ஏறிக் குதித்து எவளோடாவது போயிருப்பான் என்று முடித்தார்கள். வெறும் வாயை மென்றுகொண்டிருந்தவர்களுக்கு அவல் கிடைத்தது. செக்கிங் பெண்கள் ஆறுதல் சொல்வதுபோலவே கிண்டலும் செய்தார்கள்: "போன மச்சான் பூ மணத்தோட வருவாருங்க்கா, கவலப்படாதீங்க." பில்லிங்கில் இருந்த ஆஷாவை இரக்கப்பட்டு அவன் நாற்காலியிலேயே உட்கார வைத்தது கம்பெனி. அவள் சர்ச்சில் மண்டியிடும்போதெல்லாம் ஒரே ஒரு ஜெபம்தான் செய்தாள். ஆண்டவரே, எப்படி வந்தாலும் சரி. நொண்டியோ முடமோ, புத்தி பேதலித்தோ, எப்படியோ. ஆள் வந்தால் போதும்.

மேசைமேல் போன் அடித்தது. மேனேஜர் அருள்செல்வன்.

"ஏனுங்க ஆஷா, எந்த மட்டுல இருக்குதுங்க? திங்கக்கெழம லைன் ஓடியே ஆகோணும். எல்லாச் சிஸ்டத்தையும் அழிச்சுப் புதுசாப் போட்டர்லாமல்லங்க?"

"போட்டுட்டுதான் இருக்கேன் சார். நெட்டு இல்ல, பென் டிரைவும் பழுதாயிட்டு. வேற வழி பாக்கேன்."

"என்னமோ பண்ணுங்க. உங்களத்தானுங்க நம்பியிருக்கறோம்."

லீவுக்கு முந்தின வாரம் ஏதோ வைரஸ் புகுந்து கம்ப்யூட்டர்களை எல்லாம் முடக்கிவிட்டது. மேலே ஒவ்வொரு தையல் லைனின் தலைப்பிலும் ஒன்று, கட்டிங்கில், பேக்கிங்கில் என்று முப்பத்துச் சொச்சம் இருக்கும். எல்லாவற்றையும் துடைத்துவிட்டு முதலிலிருந்து ஏற்ற வேண்டும். ஏற்றுவதற்கான பென் டிரைவ் செத்துவிட்டது, புதிதாக இறக்கிக்கொள்ளலாம் என்றால் மழையில் இன்டர்நெட் கேபிள் அறுந்து கிடந்தது. மிச்சமிருந்தது ராபினின் ஹார்டு டிஸ்க் ஒன்றுதான். போலீஸ் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்த நாளிலிருந்து இழுப்பறைக்குள்ளேயே கிடந்தது. அதைத் தொட அவளுக்குத் தைரியம் வந்ததில்லை. இன்று தொட்டுத்தான் ஆக வேண்டியிருந்தது.

அதில் ஒரே ஒரு கோப்பு இருந்தது. அமுக்கிய வடிவத்தில், ஈஎஸ்டி என்று முடியும் கோப்பு. அதன் தேதி, அவன் காணாமல் போன தேதி.

ராபின் இதையெல்லாம் அவளுக்குச் சோறு போட்டுக்கொண்டே சொல்லிக்கொடுத்திருக்கிறான். "இந்த ஈஎஸ்டி இருக்குல்லா பிள்ள, இது நம்ம குடோன்ல கெடக்க பேல் மாதிரி. எடம் அடைக்கக் கூடாதுன்னு அமுக்கி, பட்ட போட்டு இறுக்கி வச்சிருக்கு. அப்படியே போட்டா மெஷின் எந்திரிக்காது. அவுக்கணும், ஒதறணும், ஐஎஸ்ஓவா மாத்தி ஏத்தணும். அப்பத்தான் செத்துக் கெடக்க மெஷினும் எந்திரிச்சு உக்காரும்."

உள்ளே என்னென்ன இருக்கிறது என்று காட்டச் சொல்லி ஆஷா தட்டினாள். வழக்கமான ஆறு வரிகள் வந்தன. அமைப்புக் கோப்புகள், வீட்டுக்கானது, ஆபீசுக்கானது என்று எல்லாக் கோப்பிலும் வருவதுதான். ஏழாவதாக ஒரு வரி வந்தது.

பெயர்: ராபின். விரிந்தால் அளவு: 68 ஜிபி.

அவன் தானே தயார் செய்து வைத்த பிரதியாக இருக்கும். பேட்டர்ன் மென்பொருள், கணக்கு மென்பொருள் எல்லாம் ஏற்றி முடித்த முழு வடிவம். இது கிடைத்தால் இரண்டு நாள் வேலை அரை நாளில் முடியும். அவன் வைத்தது வைத்தபடி அவன் மேசையும் அதற்குள் இருக்கும். ஆனால் நான்கு ஜிபி கோப்பிலிருந்து அறுபத்தெட்டு எப்படி விரியும்? அவ்வளவு இறுக்கமாக எதையும் அமுக்க முடியாதே.

அறுபத்தெட்டு. பேல் நிறுக்கும் தராசில் ஒருநாள் விளையாட்டாக ஏறி நின்று, "பாரு பிள்ள, நானும் ஒரு பேலுதான்" என்று அவன் சிரித்தது நினைவுக்கு வந்தது. அன்றைக்கும் தராசு இதே எண்ணைத்தான் காட்டியது. நினைவை உதறிவிட்டு, ஏழாவதைப் பிரித்தெடுக்கக் கட்டளை கொடுத்தாள். திரையில் சதவீதம் ஓடத் தொடங்கியது.

டப்.

வெளியே பட்டாசு. அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

குடோனின் முன்பக்க ஷட்டர் பாதி தூக்கியிருந்தது. அதன் வழியே குனிந்து வந்த வாட்ச்மேன் ஆறுச்சாமி, பேல் வரிசைகளுக்கு நடுவே நடந்து வந்து கண்ணாடிக் கதவைத் தட்டினார். அந்தக் கட்டடத்தில் சிஸ்டம் ரூமைக் குடோனின் கடைக்கோடியில் தடுப்பு போட்டு வைத்தது யார் யோசனையோ. உள்ளே வர வேண்டுமென்றாலும் வெளியே போக வேண்டுமென்றாலும் ஆள் உயரப் பேல்களுக்கு இடையே அந்த நீளத்தையும் நடந்தே ஆக வேண்டும்.

"ஏனுங் கண்ணு, சாப்பாடு கொண்டாந்திருக்கறீங்களா?"

"இருக்கு அண்ணாச்சி. நீங்க போயிட்டு வாங்க."

"நானு ஊட்டுக்குப் போயி ஒரு வாய் சோறு தின்னுபோட்டு வந்தர்றனுங்க. ஷட்டரப் பூட்டிட்டுத்தான் போவோணும், தப்பா நெனைக்காதீங்க. போன வருசம் ஒரு லீவுல நூல் கோன் மூட்டையத் தூக்கிட்டுப் போயிட்டானுங்க. அதுல இருந்து மொதலாளி கண்டிசனாச் சொல்லிப்போட்டாருங்க."

தலையாட்டினாள். அவர் போகாமல் நின்றார். தொண்டையைச் செருமிக்கொண்டு மூலையில் நின்ற பேல் பிரஸ்ஸைப் பார்த்தார். ஆள் நிற்கும் அளவு இரும்புப் பெட்டி. மேலிருந்து ஒரு கனத்த தகடு இறங்கி உள்ளே கொட்டிய துணியை அமுக்கும். அமுங்கியதைப் பட்டை போட்டுக் கட்டினால் அது ஒரு பேல்.

"உங்ககிட்டச் சொல்லோணும் சொல்லோணும்னு இருந்தனுங்க. பொங்கலன்னைக்கும் இப்பிடித்தான் பூட்டிட்டுப் போயி வந்தேன். ஷட்டருக்கு வெளிய நிக்கறப்ப பிரஸ் ஒருக்கா ஓடுன சத்தம் கேட்டுதுங்க. லீவுல யாருங்க பிரஸ் ஓட்டறதுன்னு ரெண்டு சத்தம் போட்டேன். தொறந்து பாத்தா ஒருத்தருமில்ல. பேலையெல்லாம் போலீஸ் அறுத்துப் பாத்துட்டாங்கல்ல, அப்பறம் என்னத்தச் சொல்லறதுன்னு உட்டுட்டனுங்க."

அன்றைய பேல்கள் எல்லாம் எப்போதோ விற்றுப் போய்விட்டன. இப்போது அடுக்கியிருப்பவை இந்த மாதத்துக் கட்டிங் வேஸ்ட், குழந்தைகள் உடுப்புக்கு வெட்டியதில் மிஞ்சிய துண்டுகள். "சரி அண்ணாச்சி" என்றாள். அவர் போனார். ஷட்டர் கரகரவென்று இறங்கி, பூட்டு விழும் சத்தம் கேட்டது.

கொஞ்ச நேரத்தில் ஐப்பசி மழை பிடித்துக்கொண்டது. மூன்று மாடிக்குப் பின்புறம் ஒட்டிக் கட்டிய அந்தக் குடோனின் தகரக் கூரைமேல் கொட்டிய மழையில் வேறெதுவும் கேட்கவில்லை. மேலே இருந்த கண்ணாடி ஓடுகள் வழியாகக் குடோனில் விழுந்துகொண்டிருந்த வெளிச்சம் பகல் பொழுதிலேயே அழுக்குச் சாம்பலாக மங்கியது. திரையில் அறுபது சதவீதம்.

டப்.

இந்த மழையில் யார் பட்டாசு வெடிக்கிறார்கள்?

அவள் எழுந்து கண்ணாடிக் கதவைத் திறந்தாள். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்று அம்மா சொல்வதைச் சொல்லிக்கொண்டே பேல்களுக்கு நடுவில் நடந்தாள். முதல் வரிசையில், பிரஸ்ஸுக்குப் பக்கத்தில் இருந்த பேலின் பிளாஸ்டிக் பட்டைகள் இரண்டு அறுந்து தரையில் சுருண்டு கிடந்தன. இறுக்கம் விட்டதில் பேல் ஒரு பக்கமாக உப்பியிருந்தது. வெள்ளைத் துணியில் நீல முயல் படம் போட்ட துண்டுகள் வெளியே பிதுங்கி நின்றன. தொட்டுப் பார்த்தாள். சூடாக இருந்தது.

ஈரத்தோடு கட்டிய துணி உள்ளே சூடாகும். குடோனில் வேலை பார்ப்பவர்கள் எல்லோருக்கும் தெரிந்த விஷயம்தான். வைக்கோல் போரும் அப்படித்தானே. அவள் கையை எடுத்தாள். விரல் நுனியில் கிராம்பு வாசம் இருந்தது.

வேகமாக நடந்து வந்து கதவைச் சாத்திக்கொண்டாள்.

பிரித்தெடுப்பது முடிந்து, எழுப்பக்கூடிய ஐஎஸ்ஓவாக மாற்றுவதும் முடிந்திருந்தது. அதைத் தன் மேசைக்குப் பக்கத்துக் கம்ப்யூட்டரில் ஏற்றி இயக்கினாள். கறுத்த திரை கொஞ்ச நேரம் அப்படியே நின்றது. பிறகு வெளிச்சம் வந்து, ராபின் என்ற பெயரும் அதன் கீழ் கடவுச்சொல் கேட்கும் பெட்டியும் வந்தன. கடவுச்சொல் அவளுக்குத் தெரியும், அவள் பெயர்தான். தட்டியதும் திரை திறந்தது. சர்ச் வாசலில் கல்யாணக் கோலத்தில் இருவரும் நிற்கும் படம். கன்னத்தில் கிராம்போடுதான் அன்றைக்கும் சிரித்தான். இடது கன்னம் லேசாகப் புடைத்திருந்தது.

ஆஷா அழுதாள். பத்து மாதமாக யார் முன்னாலும் அழாத அழுகையை எல்லாம் அங்கே தனியாக அழுது தீர்த்தாள்.

இனி ஒரு வேலை பாக்கி இருந்தது. ஒரு மெஷினின் பிரதியை மற்ற மெஷின்களுக்குப் போடுவதற்கு முன் அதிலிருக்கும் பெயரையும் அடையாளத்தையும் அழித்துப் பொதுவாக்க வேண்டும். ராபின் இந்த ஒரு விஷயத்தில் ரொம்பக் கறார். "பேர அழிக்காமப் போட்டேன்னு வையி, அத்தன மெஷினும் நாந்தான் அவன், நாந்தான் அவன்னு நிக்கும். ஒண்ணுக்கு ஒண்ணு விட்டுக் குடுக்காது பிள்ள." அழிக்கலாமா என்று கேட்கும் பெட்டியைத் திறந்தாள். ஆமாம், வேண்டாம் என்ற இரண்டு பொத்தான்கள்.

சம்பளப் பட்டியலில் அவன் பெயரை அழித்தார்கள். கேட்டில் இருந்த படத்தை எடுத்தார்கள். வீட்டுக்காரர் வாடகைச் சீட்டில் அவள் பெயரை எழுதிக் கொடுத்தார். அழிக்க வேண்டியவர்கள் எல்லோரும் அழித்துவிட்டார்கள், அவள்தான் பாக்கி. மாட்டேன் என்றது மனது. ஒரு வாரம் இருக்கட்டுமே. லைன் தலைப்பில் அவன் பெயர் தெரிந்தால் யாருக்கு என்ன குறைந்துவிடும்? அவனை ஓடுகாலி என்று சொன்னவர்கள் அத்தனை பேரும் திங்கள்கிழமை காலையில் பார்க்கட்டும்.

வேண்டாம் என்பதை அழுத்தினாள். பிறகு கட்டடத்துக்குள் ஓடும் நெட்வொர்க் வழியாக எல்லா மெஷினுக்கும் அனுப்பும் கட்டளையைக் கொடுத்தாள்.

சுவரில் இருந்த டிவியில் மேல்மாடிக் கேமராக்களின் படம் ஓடிக்கொண்டிருந்தது. இருட்டில் வரிசை வரிசையாகத் தையல் மெஷின்கள், உறை போட்டு மூடியவை. முதல் லைன் தலைப்பில் ஒரு திரை விழித்தது. அடுத்தது. அதற்கடுத்தது. வேலை ஒழுங்காகத்தான் நடக்கிறது என்று அவளுக்கு ஒரு நொடி நிம்மதி வந்தது. பக்கத்தில் திறந்திருந்த அவன் திரையைத் துடைப்பதுபோல விரலால் தடவினாள்.

டப். டப்.

மழைக்கு மேலே தெளிவாகக் கேட்டது. கண்ணாடிக்கு அந்தப்புறம், ஐந்தடி தூரத்தில்.

டப்.

மேலே ஒரு திரை விழித்தால் கீழே ஒரு பட்டை அறுகிறது. அவள் டிவியையும் கண்ணாடியையும் மாறி மாறிப் பார்த்தாள். மூன்றாவது லைன் விழித்தது, டப். நான்காவது, டப். பட்டை அறுந்த பிறகு ஒரு நீண்ட மூச்சு விடும் சத்தம். அமுங்கிக் கிடந்த துணி காற்றை இழுத்துக்கொண்டு விரியும் சத்தம். மங்கிய வெளிச்சத்தில் பேல்களின் விளிம்புகள் மெதுவாக உயர்ந்தன, பக்கவாட்டில் பிதுங்கின, நடைபாதை குறுகியது.

நிறுத்து என்பதை அழுத்தினாள். நிற்கவில்லை. கம்ப்யூட்டரை அணைக்க வேண்டாம், தயாராகிக்கொண்டிருக்கிறது என்றது திரை. நெட்வொர்க் கேபிளைப் பிடுங்கினாள். சர்வரின் பொத்தானை அழுத்திப் பிடித்தாள், மின்விசிறி நின்றது. மேலே திரைகள் அணையவில்லை. கொடுத்ததைத்தான் கொடுத்தாகிவிட்டதே, இனி அவை தாமாகவே விரித்துக்கொள்ளும்.

போனை எடுத்து ஆறுச்சாமியைக் கூப்பிட்டாள்.

"அண்ணாச்சி, சீக்கிரம் வாங்க. வந்து ஷட்டரத் தெறங்க."

"ஏனுங் கண்ணு, என்னாச்சுங்க? பேய்மழையுங்க. கெளம்பிட்டேன், வழியில ஒதுங்கி நிக்கறனுங்க. மழ வெறிச்சதும்…"

"இப்பவே வாங்க அண்ணாச்சி!"

"வந்தர்றனுங்க, வந்தர்றேன்."

மெயின் சுவிட்ச் ஷட்டருக்குப் பக்கத்தில் இருந்தது. அதை அணைத்தால் மேல்மாடி மொத்தமும் அணையும். நடந்துதான் ஆக வேண்டும். கண்ணாடிக் கதவைத் திறந்தபோது கிராம்பு வாசம் முகத்தில் அறைந்தது. தரையெல்லாம் முயல் துண்டுகள் கணுக்கால் வரை கிடந்தன. கால் வைத்த இடமெல்லாம் மெத்தென்றது, சூடாக இருந்தது. ஒரு கையைப் பேல்மேல் ஊன்றாமல் நடக்க முடியவில்லை. ஊன்றியபோது உள்ளே ஏதோ நகர்ந்தது.

பிரஸ்ஸுக்குப் பக்கத்துப் பேல் முழுவதும் அவிழ்ந்திருந்தது. துணிக் குவியலின் நடுவில் யாரோ உட்கார்ந்திருந்தார்கள்.

முதலில் தட்டையாகத்தான் இருந்தது. பிறகு தோள் ஒன்று மடிப்பிலிருந்து வெளியே வந்தது. கை முழங்கையில் ஒருமுறை, மணிக்கட்டில் ஒருமுறை விரிந்தது. முகம் நிமிர்ந்தது. நெடுநாள் பெட்டியில் மடித்து வைத்த சட்டையில் இருப்பதுபோல நெற்றியிலிருந்து தாடை வரை ஒரு கோடு. வலது கன்னத்தில் ஒரு முயல் படம், துணியிலிருந்து தோலுக்கு இறங்கியது. இடது கன்னம் லேசாகப் புடைத்திருந்தது.

"பிள்ள," என்றான் ராபின். "வந்துட்டேன்."

பயம் முதலில் வரவில்லை. சந்தோஷம்தான் வந்தது. பத்து மாத ஜெபம். அவள் துணியில் இடறிக்கொண்டே ஓடி, அந்தக் கையைப் பிடித்தாள். மோதிரம் இருந்தது. கை சூடாக இருந்தது. அமுக்கிய இடத்தில் அமுங்கியது, மெதுவாகத்தான் திரும்ப உப்பியது.

"எங்க போனீய? எங்க போனீய இவ்வளவு நாளும்?"

"எங்கயும் போவல பிள்ள. இங்கனதான் கெடந்தேன். வீட்டுக்குப் போவமா?"

"போவோம். வாங்க. போவோம்."

"பிள்ள," என்றது அவளுக்குப் பின்னாலிருந்து ஒரு குரல். "வந்துட்டேன்."

அவள் திரும்பவில்லை. திரும்ப முடியவில்லை. பிடித்திருந்த கை அவள் கையை இறுக்கியது.

"பிள்ள, வந்துட்டேன்." இது இடப்பக்கம்.

"பிள்ள." வலப்பக்கம், மேல் அடுக்கிலிருந்து.

"வீட்டுக்குப் போவமா?"

டப். டப். டப். பேல்கள் திறந்துகொண்டே இருந்தன. மடிப்புகள் விரிந்தன. அதே கோடு. அதே புடைத்த கன்னம். அதே மோதிரம், எல்லா இடது கையிலும். சிலருக்கு இன்னும் கால் வரவில்லை. கைகளால் இழுத்துக்கொண்டு வந்தார்கள். அவளைப் பார்த்ததும் எல்லா முகத்திலும் ஒரே நேரத்தில் அந்தக் கல்யாணச் சிரிப்பு வந்தது.

"நாந்தான் ராபின்," என்றான் ஒருவன்.

"நாந்தான்."

"நாந்தான் பிள்ள. தெரியலையா?"

யாரிடமும் பொய் இல்லை. அதுதான் அவளைக் கொன்றது. அவள் பெயரை அழிக்காமல் அனுப்பியிருந்தாள்; அத்தனை பேருக்கும் அவன் பெயர், அவன் நினைவு, அவள்மேல் அவன் வைத்திருந்த பிரியம். ஒவ்வொருவனும் பத்து மாதம் இருட்டில் அமுங்கிக் கிடந்து அவளிடம் வந்திருந்தான். ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். சண்டை வரவில்லை. யோசித்தார்கள். வேலையில் ஒரு சிக்கல் வந்தால் ராபின் தலையைச் சாய்த்து யோசிப்பானே, அப்படி. முப்பத்துச் சொச்சம் தலைகள் ஒரே பக்கம் சாய்ந்தன.

"ஆஷா ஒருத்திதான இருக்கா," என்றான் அவள் கையைப் பிடித்திருந்தவன்.

"எல்லாருக்கும் வேணும்லா."

"வேணும்."

"ஒரு காப்பி எடுத்துட்டா எல்லாருக்கும் போட்டுக்கிடலாம்."

மூலையில் பேல் பிரஸ்ஸின் பச்சை விளக்கு எரிந்தது. யாரும் அதன் பக்கத்தில் போகவில்லை. மோட்டார் உறுமியது. அதன் இரும்புக் கதவு திறந்தே இருந்தது.

"வேண்டாம்," என்றாள் ஆஷா. "ராபின், வேண்டாம். ராபின்."

"என்ன பிள்ள?" என்று எல்லோரும் அன்பாகக் கேட்டார்கள்.

அவள் கத்தினாள். மழை கத்தியது. கைகள் வந்தன, இதமான கைகள், சூடான கைகள். அவள் கழுத்தில் கிடந்த முடியை ஒதுக்கிவிட்டன. துப்பட்டாவை எடுத்து நான்காக மடித்து ஓரமாக வைத்தன. கண்ணாடித் தடுப்புக்கு அந்தப்புறம், அணைத்துவிட்டு வந்த சர்வரின் திரை எரிந்துகொண்டிருந்தது. ஏழாவது வரிக்குக் கீழே எட்டாவதாக ஒன்று ஏறிக்கொண்டிருந்தது. பெயர் வந்துவிட்டது. அளவு மட்டும் இன்னும் வரவில்லை.

வெளியே ஷட்டரில் கை தட்டும் சத்தம். பூட்டில் சாவி தடுமாறும் சத்தம்.

"ஏனுங் கண்ணு! உள்ளதான் இருக்கறீங்களா? லீவுல யாருங்க பிரஸ் ஓட்டறது?"

பதில் சொல்ல அவள் வாயைத் திறந்தாள். ராபின் ஒரு கிராம்பை எடுத்து அவள் இடது கன்னத்துக்குள் வைத்தான். மற்றவர்கள் பாதத்திலிருந்து மடிக்கத் தொடங்கினார்கள்.